மூன்றாவது மதிலும் கஞ்சித் தண்ணீரும்

கர்நாடகப் போர்கள் மூன்று என்று பள்ளிக்கூடத்தில் ஒப்பித்தவர்கள் நாம். அந்த ஒப்பித்தலில் கிளைவ் உண்டு, டூப்ளே உண்டு. நடுவில் முகமது அலி, சந்தா சாகிப் என்று இரண்டு பேர் பொம்மலாட்டப் பொம்மைகள் மாதிரி வந்து போவார்கள். இங்கிலாந்தும் பிரான்சும் எங்கோ போட்ட சண்டையின் இந்தியக் கிளை என்பதாகத்தான் பாடப்புத்தகம் இதைச் சொல்லும். திருச்சிராப்பள்ளியிலும் திருவரங்கத்திலும் இருந்துகொண்டு யோசித்தால் கதை வேறு மாதிரி இருக்கிறது. 1749இல் ஆம்பூரில் அன்வருதீன் செத்து விழுந்ததிலிருந்து 1754 கடைசியில் கம்பெனிகள் இரண்டும் சண்டையை நிறுத்தியது வரைக்கும் இந்த மண்ணில் நடந்தது ஓர் உள்நாட்டுப் போர். ஆர்க்காட்டுப் பதவிக்கு இரண்டு குடும்பங்கள் மோதின. இரண்டு பக்கமும் சுட்டவனும் சுடப்பட்டவனும் பெரும்பாலும் ஒரே பாளையத்துக்காரன், ஒரே மொழிக்காரன், பல சமயம் ஒரே குலதெய்வத்துக்காரன். போன மாதம் அந்தப் பக்கம் நின்றவன் இந்த மாதம் இந்தப் பக்கம் நிற்பான். இதை ‘ஆங்கில-பிரெஞ்சுப் போர்’ என்று மட்டும் எழுதுவது செத்தவர்களுக்குச் செய்கிற இரண்டாவது துரோகம்.

என்னுடைய அக்கறை நவாபுகள் மீது இல்லை. அந்த ஐந்து வருடத்தில் காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவில் கிடந்த சிப்பாய் என்ன தின்றான், யாரைக் கும்பிட்டான், எதன் மேல் சத்தியம் செய்தான், எப்போது அந்தச் சத்தியத்தை விட்டான் என்பதுதான். இதைக் கேட்டவுடனேயே ஒரு சுவர் வந்து முட்டுகிறது. 1640களில் இங்கிலாந்தில் நடந்த உள்நாட்டுப் போரில் பாராளுமன்றப் படைக்காரனுக்கென்று 1643இல் சட்டைப்பையில் செருகிக்கொள்கிற மாதிரி வேதாகம வசனத் தொகுப்பு ஒன்று அச்சானது. 1647இல் புட்னியில் சாதாரணச் சிப்பாய்களின் பிரதிநிதிகள் தளபதிகளோடு உட்கார்ந்து ஓட்டுரிமை பற்றி வாதம் செய்தார்கள். அதை ஒருவர் எழுதியும் வைத்தார். அவர்களுடைய வரலாற்றாசிரியர்கள் அந்தச் சிப்பாயின் கடவுளைப் பற்றி அலமாரி அலமாரியாக எழுதியிருக்கிறார்கள். நம்ம சிப்பாய் பேசியதை யாரும் எழுதி வைக்கவில்லை. புதுச்சேரியில் உட்கார்ந்து ஆனந்தரங்கப் பிள்ளை 1736 முதல் நாட்குறிப்பு எழுதினார். அதில் துணி விலை இருக்கிறது, துரைமாரின் கோபதாபம் இருக்கிறது. 1748 முற்றுகையின்போது வேதபுரீசுவரர் கோயில் இடிக்கப்பட்ட துக்கமும் இருக்கிறது. சிப்பாய் அதில் தலை எண்ணிக்கையாகவும் சம்பளப் பாக்கியாகவும்தான் வருகிறான். மற்றபடி நமக்கு மிஞ்சுவது ராபர்ட் ஓர்ம். கம்பெனிக்காரர். 1763இல் இந்தப் போர்களின் வரலாற்றை அச்சிட்டவர். எதிரியின் ஆவணத்தைத் தலைகீழாக வாசி என்று ரணஜித் குகா 1980களில் சொல்லிக்கொடுத்த வித்தையை இங்கே பயன்படுத்துவதைத் தவிர வேறு வழியில்லை.

தமிழ் எம்.ஏ. படித்தவனுக்கு இன்னொரு சங்கடமும் உண்டு. நம் இலக்கியத்தில் போருக்குப் பஞ்சமே கிடையாது. ஆனால் கலிங்கத்துப்பரணியில் போர் முடிந்த பிறகு வயிறாரச் சாப்பிடுவது பேய்கள்தாம். பிணத்தைக் கூழாகக் காய்ச்சுகிற அடுப்பை அவ்வளவு விரிவாகப் பாடிய கவிஞன், உயிரோடு இருந்த படைவீரன் என்ன குடித்தான் என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை.

சோற்றிலிருந்தே தொடங்குவோம்.

1751இல் சந்தா சாகிபும் பிரெஞ்சுக்காரரும் திருச்சிக் கோட்டையை வளைத்துக்கொண்டார்கள். உள்ளே முகமது அலி. அந்த நெருக்கடியைத் திசைதிருப்பக் கிளைவ் ஆர்க்காட்டைப் பிடித்து ஐம்பது நாள் முற்றுகையைத் தாங்கிய கதை எல்லோருக்கும் தெரியும். அதோடு ஒட்டிய கிளைக்கதையும் தெரியும்: தானியம் குறைந்தபோது சிப்பாய்கள் தாங்களாகவே வந்து, சோற்றை வெள்ளைக்காரருக்குக் கொடுங்கள், வடித்த கஞ்சி எங்களுக்குப் போதும் என்றார்களாம். மெக்காலே 1840இல் எழுதிய கட்டுரை இதை உலகப் புகழ் பெற வைத்தது. சம்பவம் நடந்து கிட்டத்தட்டத் தொண்ணூறு வருடம் கழித்து. அது நடந்ததா இல்லையா என்பதைவிட, அது ஏன் இவ்வளவு ருசியாகச் சொல்லப்பட்டது என்பதுதான் முக்கியம். விசுவாசமான கறுப்புச் சிப்பாய் என்கிற பிம்பம் பேரரசுக்குத் தேவைப்பட்ட காலம் அது. கஞ்சித் தண்ணீரை அமிர்தமாக்கியது அந்தத் தேவை.

உப்பிட்டவனை உள்ளளவும் நினை என்கிறோம், செஞ்சோற்றுக்கடன் என்கிறோம். கர்ணனை உதாரணம் காட்டுகிறோம். இந்தச் சொல்லாடலை வெள்ளைக்காரன் கண்டுபிடிக்கவில்லை, நம்மிடமிருந்து எடுத்துக்கொண்டான். ஆனால் எடுக்கும்போது பாதியை விட்டுவிட்டான். சோறு போட்டால்தான் கடன். சோறு நின்றால் கடனும் தீர்ந்தது. இந்த மறுபாதியைத் திருச்சிக்காரச் சிப்பாய்கள் எப்படிப் புரிந்துவைத்திருந்தார்கள் என்பதற்கு ஓர்மே சாட்சி சொல்கிறார், தன்னை அறியாமல். 1753இல் முகமது அலியிடம் பணமில்லை. சம்பளம் மாசக்கணக்கில் பாக்கி. அவருடைய குதிரைப்படைக்காரர்கள் என்ன செய்தார்கள்? இரவில் திருட்டுத்தனமாக ஓடவில்லை. நாங்கள் எதிரிப் பக்கம் வேலைக்குப் போகிறோம், போகும்போது கோட்டையிலிருந்து சுடாதீர்கள் என்று சொல்லிவிட்டு, பட்டப்பகலில் எதிரி முகாமுக்குப் போனார்கள். சுடவும் இல்லை. அதே வருடம் நவாப் கோட்டையைவிட்டு வெளியே கிளம்பியபோது அவருடைய சொந்தப் படையே அரண்மனை முற்றத்தில் கூடி, பாக்கியைத் தீர்த்துவிட்டுப் போ என்று மறித்தது. கடைசியில் ஆங்கிலேயச் சோல்ஜர்கள் துப்பாக்கிமுனைக் கத்தியோடு நடுவில் வழி உண்டாக்கி அவரைக் கூட்டிப்போக வேண்டியதாயிற்று. இராணுவ வரலாறு இதைக் கீழ்ப்படியாமை என்று எழுதும். நான் இதைப் பட்டினி கிடந்தவனின் ஒப்பந்தச் சட்டம் என்று வாசிக்கிறேன். இந்த நாட்டின் முதல் வேலைநிறுத்தங்களைப் பற்றி எழுதுகிறவர்கள் பொன்மலைக்குப் போவார்கள். 1946 செப்டம்பர் 5 அன்று அங்கே ரயில்வே தொழிலாளர்கள் ஐந்து பேர் சுட்டுக்கொல்லப்பட்டதை மறந்தால் அது பாவம். அதே பொன்மலைப் பாறையின் அடியில்தான் 1753இல் சம்பளப் பாக்கிச் சிப்பாய்கள் ஒருவரை ஒருவர் சுட்டுக்கொண்டார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லலாம்.

தானியம் எங்கிருந்து வந்தது? தெற்கே தொண்டைமான் சீமையிலிருந்து. அரிசி மட்டுமல்ல, விறகும் அங்கிருந்துதான். திருச்சியைச் சுற்றி முற்றுகை கிடந்த படைகள் கண்ணுக்கெட்டின தூரம் மரத்தை வெட்டித் தீர்த்துவிட்டன. புதுக்கோட்டைக் காட்டிலிருந்து மாட்டுவண்டியும் பொதிமாடும் பாதுகாப்போடு வந்தால் அடுப்பு எரியும்; வழியில் மைசூர்க் குதிரைப்படை மறித்தால் எரியாது. இந்தப் போரின் பெரிய சண்டைகளில் பாதி, பொதிமாட்டுக்காக நடந்த சண்டைதான். கோட்டைக்குள் சேர்த்து வைத்த நெல்லை நவாபின் மனிதர்களே கொள்ளை விலைக்கு விற்றுத் தீர்த்தது பின்னால் தெரியவந்தது. ஊர் காலியாயிற்று. நகரத்தில் குடியிருந்த சனங்கள் பெரும்பாலும் வெளியேறி, தெருவெல்லாம் சிப்பாய் மட்டும் நடமாடியதாக ஓர்ம் எழுதுகிறார். வெளியேறியவர்கள் எங்கே போனார்கள், யார் வீட்டுத் திண்ணையில் படுத்தார்கள், எத்தனை பேர் திரும்பி வந்தார்கள் என்று அவர் கேட்கவில்லை. 1754இல் பிரெஞ்சுப் படை கோவிலடிக்குப் பக்கத்தில் காவிரித் தண்ணீர் கொள்ளிடத்தில் சரிந்துவிடாமல் காக்கிற கரையை வெட்டிவிட்டது, தஞ்சாவூர் ராஜாவைப் பணிய வைக்க. தஞ்சாவூர் ராஜாவா வயலில் இறங்கி நாற்று நட்டார்?

படைமுகாம் என்றால் வெறும் படை என்று நினைக்கக்கூடாது. ஒரு சிப்பாய்க்குப் பின்னால் பெண்சாதி, பிள்ளை, சமையல்காரன், மாட்டுக்காரன், சாராயக்காரன், வட்டிக்கடைக்காரன் என்று ஒரு நடமாடும் ஊர். தலையில் தொப்பி போட்ட, போர்த்துகீசியக் கலப்பு கொண்ட, கத்தோலிக்கத் தொப்பாசிகள் ஒரு பக்கம். ஆப்பிரிக்காவிலிருந்து அடிமையாகக் கொண்டுவரப்பட்ட காப்பிரிகள் ஒரு பக்கம். சுவிஸ்காரன், ஜெர்மன்காரன், ஆங்கிலேயப் படையிலிருந்து பிரெஞ்சுக்கு ஓடிப்போன ஐரிஷ்காரன். 1752இல் சமயபுரத்தில் தங்கியிருந்த கிளைவை இரவோடு இரவாகக் கொல்லப் போன பிரெஞ்சுப் படையில் முன்னால் நடந்தவர்கள் இந்த ஓடுகாலிகள்தாம். ஆங்கிலம் பேசிக் காவலை ஏமாற்றினார்கள். அதற்கப்புறம் ஹைதர் அலி. அப்போது அவர் மைசூர்ப் படையில் சின்ன அதிகாரி. கொள்ளையடித்ததில் அவருடைய ஆட்களுக்குப் பாதி, அவருக்குப் பாதி என்று கணக்கு வைத்திருந்ததாக மார்க் வில்க்ஸ் எழுதுகிறார். காயம்பட்டவனுக்குப் படிப்பணம் உண்டு என்றவுடன், பின்னாளில் திண்டுக்கல்லில், காயமே படாதவனுக்கும் மஞ்சள் துணியைச் சுற்றி அணிவகுப்பில் நிறுத்திக் காசு வாங்கிய கதையையும் அவர்தான் சொல்கிறார். மஞ்சள் துணியைச் சுற்றிக்கொண்டு நொண்டி நடித்த அந்தச் சிப்பாய்களை எனக்குப் பிடித்திருக்கிறது. போரின் எந்தக் காவியத்திலும் இவ்வளவு புத்திசாலியான உடம்புகள் வந்ததில்லை.

இனி நம்பிக்கை பற்றி. இந்தப் போர்க்களத்தின் வரைபடத்தைப் பாருங்கள். ஆங்கிலேய ஆவணங்களில் ‘வேக்கொண்டா’ என்று வருவது உய்யக்கொண்டான் திருமலைச் சிவன் கோயில். ‘எலிமிசரம்’ என்று வருவது திருவெறும்பூர் எறும்பீசுவரர் மலை. ‘பக்கீர் தோப்பு’ ஒரு முக்கியமான பாசறை. சமயபுரம், திருவானைக்கா, திருவரங்கம், உச்சியில் தாயுமானவரை வைத்த கோட்டைமலை. எல்லாம் கோயில், எல்லாம் கோட்டை. கல்லால் கட்டிய உயர்ந்த மதில் வேறெங்கே இருந்தது? கோயில்களில் பீரங்கி ஏறியதை இசுலாமியப் படையெடுப்பு என்றோ கிறித்தவத் தீண்டல் என்றோ ஒற்றை வரியில் எழுதிவிடுகிற ஒரு வரலாற்றுப் பேச்சு இப்போது செல்வாக்காக இருக்கிறது. அந்தப் பேச்சுக்கு இந்தப் போர் அகப்படாது. திருவரங்கத்துக்குள் இரண்டரை வருடத்துக்குமேல் முகாமிட்டுக் கிடந்த மைசூர்த் தளவாய் நஞ்சராஜா, கன்னடத்தில் சைவ நூல்கள் எழுதிய சிவபக்தர். தஞ்சாவூர் மராட்டியப் படை ஒரு பக்கம், முராரிராவின் மராட்டியப் படை இன்னொரு பக்கம். யார் எந்த மதத்துக்காகச் சண்டை போட்டார்கள்?

திருவரங்கத்துக்குப் படைக்காரன் புதியவன் அல்ல. 1323இல் தில்லிப் படை வந்தது, பன்றியாழ்வான் மேட்டுக் கலகத்தில் பன்னீராயிரம் வைணவர் மாண்டனர் என்று கோயில் மரபு சொல்கிறது. அதே கோயில்தான் அரங்கனைத் தேடி வந்த துலுக்க நாச்சியாருக்கும் இடம் கொடுத்தது. 1751இல் ஊட்டத்தூரிலிருந்து பின்வாங்கி வந்த ஆங்கிலேயப் படை இந்தக் கோயிலுக்குள் புகுந்தது. ஏழு மதில், ஒன்றுக்குள் ஒன்று. வெளிமதிலின் சுற்றளவு நாலு மைலுக்கு அருகில் என்று ஓர்ம் கணக்குச் சொல்கிறார். தெற்கே அன்றைக்கு முடிவுபெறாத மொட்டைக் கோபுரம். அது முழுசாக எழுந்தது 1987இல்தான். வெளிச் சுற்றுகள் வரைக்கும் துருப்புகள் போயின. அதற்குமேல் வராதீர்கள், உங்கள் தீட்டை மூலவருக்குப் பக்கத்தில் கொண்டுவராதீர்கள் என்று பிராமணர்கள் மன்றாடினார்கள், துரைகள் சம்மதித்தார்கள்.

அடுத்த வருடம் அதே மதில் இன்னொரு விதமாகப் பேசப்பட்டது. 1752 ஜூன். கொள்ளிடத்துக்கும் காவிரிக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட பிரெஞ்சுத் தளபதி லா, திருவரங்கத்தில் சரணடைந்தான். எண்ணூறுக்கு அருகில் ஐரோப்பியர், இரண்டாயிரம் சிப்பாய். எல்லோரும் ஆயுதத்தைக் கீழே வைத்தார்கள். கோயிலுக்குள் இருந்த ஆயிரம் ராஜபுத்திரர்கள் மட்டும் வைக்கவில்லை. மூன்றாவது மதிலுக்கு உள்ளே காலெடுத்து வைத்தால் வெட்டிப் போடுவோம் என்றார்கள். தோற்றுப்போன பக்கத்துச் சிப்பாய்கள் ஜெயித்த படையிடம் சொன்ன வார்த்தை. ஆங்கிலேயர்கள் அவர்களுடைய பக்தியை மெச்சி, அப்படி ஒரு சங்கடம் தரமாட்டோம் என்று வாக்குக் கொடுத்ததாக ஓர்ம் எழுதுகிறார்.

யார் இந்த ராஜபுத்திரர்கள்? ஓர்ம் ஒரு பேரும் தரவில்லை. அவுரங்கசீப்பின் படை 1690களில் செஞ்சியை வளைத்த காலந்தொட்டு வடக்கேயிருந்து வந்த புந்தேலர், ராஜபுத்திரக் குடும்பங்கள் தமிழ்நாட்டில் தங்கிவிட்டன. பொந்திலியர் என்று இன்றைக்கும் அவர்கள் வழிவந்தவர்கள் உண்டு. 1714இல் ஆர்க்காட்டு நவாபோடு மோதிச் செத்த தேசிங்கு அந்தப் புந்தேலக் கூட்டம்தான். நம் தெருக்களில் பாடப்பட்ட தேசிங்குராஜன் கதையில் அவனுடைய தெய்வம் யார் தெரியுமா? சிங்கவரத்து அரங்கநாதர். போருக்குப் போகாதே என்று சொல்லி முகத்தைத் திருப்பிக்கொண்ட சாமி. அவனுடைய உயிர்த்தோழன் யார்? கல்யாணப் பந்தலைவிட்டுப் போர்க்களத்துக்கு வந்த முகமதுகான். இதைப் பாடிய கதைப்பாடல்காரனுக்கு, அரங்கநாதரைக் கும்பிடுகிறவனும் அல்லாவைத் தொழுகிறவனும் ஒரே களத்தில் சேர்ந்து சாவது விளக்கம் தேவைப்படாத விஷயம். 1752இன் அந்த ஆயிரம் பேரும் சந்தா சாகிபின் சம்பளத்தில் இருந்தவர்கள். இசுலாமியத் தலைவனுக்காகச் சண்டை போட்டு, அரங்கனுக்காக அவனையும் தாண்டி ஒரு கோடு கிழித்தவர்கள். செஞ்சோற்றுக்கடன் ஒரு இடத்தில் முடிந்தது. வேறொரு கடன் அங்கே ஆரம்பித்தது.

இந்த இடத்தில் மெய்சிலிர்த்து நின்றுவிட எனக்கும் ஆசைதான். ஆனால் நிற்க முடியாது. வெளியிலிருந்து எண்ணினால் மூன்றாவது சுற்று என்பது உத்தர வீதிகளின் சுற்று, அக்கிரகாரம். பிராமணர்கள் மன்றாடிக் காத்த கோடும் ராஜபுத்திரர்கள் வாளை உயர்த்திக் காத்த கோடும் ஒரே கோடுதான். அந்தக் கோட்டுக்கு வெளியே நிறுத்தப்பட்டவன் வெள்ளைக்காரன் மட்டுமா? கம்பெனியின் சென்னைப் படையில் அந்த நூற்றாண்டில் பறையர்கள் கணிசமாக இருந்தார்கள். பின்னாளில் சாதிச் சுத்தம் பார்த்துத்தான் அவர்களைக் குறைத்தார்கள். பிற சாதிகளோடு துப்பாக்கி தூக்கிக்கொண்டு திருவரங்கத்து வெளிவீதிகளுக்குள் அணிவகுத்துப் போனவர்களில் ஒரு பறையர் சிப்பாய் இருந்திருந்தால், அவனுடைய அப்பனும் பாட்டனும் கால்வைக்க முடியாத தெருவில் அவன் பூட்ஸோ வெறுங்காலோ வைத்து நடந்திருக்கிறான். போர் திறந்த கதவு அது. போர் முடிந்ததும் மூடிக்கொண்டது. சட்டப்படி திறக்க 1939 வரை, முழுசாகத் திறக்க 1947 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. மூன்றாவது மதிலைக் காத்த வீரத்தைப் பாடுகிறவர்கள், அந்த மதில் யாரிடமிருந்து தினந்தினம் காக்கப்பட்டது என்பதையும் பாட வேண்டும். ஓர்மின் வாக்கியத்தில் அவன் ‘தீட்டு’க்குள் ஒளிந்திருக்கிறான்.

அப்படிப்பட்ட ஒருவனுடைய பெயர் நமக்குக் கிடைக்கத்தான் செய்கிறது, வேறு பாதையில். ராஜநாயக்கன். பறையர் சாதியில், கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர். தஞ்சாவூர் அரசப் படையில் சேர்வைக்காரர். தரங்கம்பாடியில் சீகன்பால்கு 1714-15இல் அச்சிட்ட தமிழ்ச் சுவிசேஷம் அவர் கையில் சிக்கியது. படித்தார், சக சிப்பாய்களுக்குப் படித்துக் காட்டினார். 1720களின் கடைசியில் லூத்தரன் சபைக்குப் போய் உபதேசியார் ஆனார். இங்கிலாந்துச் சிப்பாயின் சட்டைப்பைப் புத்தகம் பற்றிச் சொன்னேனே, அதற்கு நம்ம பக்கத்துச் சாட்சி இவர். மிஷனரிகள் இவரை எழுதியதற்குக் காரணம் இவர் மதம் மாறினார் என்பது. மாறாமல் இருந்திருந்தால் இவரும் தலை எண்ணிக்கையில் ஒன்று. ஆவணத்துக்குள் நுழைய ஒரு சிப்பாய் கொடுக்க வேண்டிய விலை இது.

சத்தியம் பற்றியும் கொஞ்சம் பேச வேண்டும். இந்தப் போரே ஒரு பொய்ச் சத்தியத்தில் தொடங்கியதாகத்தான் ஊர் நம்பியது. 1736இல் சந்தா சாகிப் ராணி மீனாட்சியிடம் குரான்மேல் ஆணையிட்டுத் திருச்சிக் கோட்டைக்குள் வந்ததாகவும், பட்டுத்துணிக்குள் இருந்தது குரான் அல்ல, செங்கல் என்றும் கதை. பதினாறு வருடம் கழித்துத் தஞ்சாவூர்த் தளபதி மானோஜி, தன் வாளின்மேலும் குத்துவாளின்மேலும் கைவைத்துச் சந்தா சாகிபுக்கு உயிர்ப்பிச்சைச் சத்தியம் கொடுத்தான். போர்வீரனுக்கு அதைவிடப் பெரிய சத்தியம் கிடையாது என்கிறார் ஓர்ம். அடுத்த சில நாளில் மானோஜியின் ஆள் ஒருவனே சந்தா சாகிபின் தலையை அறுத்தான். தலை ஒட்டகத்தின் கழுத்தில் கட்டப்பட்டுத் திருச்சி மதிலை ஐந்து முறை சுற்றியது. முதல் கதையின் செங்கல்லுக்கு இரண்டாவது கதை பழிவாங்கல் மாதிரி ஒலிப்பதால்தான் இரண்டும் சேர்ந்தே நினைவில் நின்றன என்று நினைக்கிறேன். தலைவர்கள் புனிதநூலையும் வாளையும் பொய்யாக்கிக்கொண்டிருந்த அதே காலத்தில்தான், சம்பளம் வராத குதிரைக்காரன் சொல்லிக்கொண்டு பிரிந்தான், தோற்ற ராஜபுத்திரன் மதில் வாசலில் நின்றான். நேர்மை எந்தத் தட்டில் இருந்தது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

திருச்சியில் நத்தர்வலி தர்காவில் சந்தா சாகிபின் கல்லறை இருக்கிறது. அவர் சாவைப் பார்த்து மகிழ்ந்த முகமது அலி 1795இல் சென்னையில் இறந்தார். அவருடைய உடலும் இதே தர்காவுக்கு வந்துசேர்ந்தது. இந்த இறைநேசரின் பெயரால் ஊருக்கே நத்தர்நகர் என்று பேரிட்டவர் முகமது அலி. எதிரிகள் இருவருக்கும் ஒரே பரக்கத். அவர்களுக்காகச் செத்தவர்களுக்குப் பொன்மலைப் பக்கமோ பக்கீர் தோப்புப் பக்கமோ ஒரு நடுகல்கூட இல்லை. சங்ககாலம் தொட்டு நடுகல் நட்டவர்கள் நாம் என்று மேடைதோறும் பேசுகிறோம். ஈழத்தில் துயிலும் இல்லங்கள் கட்டப்பட்டதையும், போர் முடிந்தபின் அவை புல்டோசரால் இடிக்கப்பட்டதையும் பார்த்த தலைமுறை நாம். கல்லறை இருப்பதும் இல்லாததும் சாதாரண விஷயமல்ல என்று நமக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

ஒரே ஒரு சிப்பாய்க்குத் தர்கா கிடைத்தது. யூசுப்கான். மருதநாயகம் என்று சினிமாக்காரர்கள் சொல்லித்தான் பலருக்குத் தெரியும். பனையூரில் வேளாளர் குடும்பத்தில் பிறந்து இசுலாமியரானவர் என்பது மரபு. திருச்சி முற்றுகையில் பொதிமாட்டுக் கூட்டத்தைப் பத்திரமாகக் கொண்டுசேர்த்த கம்பெனிச் சிப்பாய்த் தலைவன். தளபதி லாரன்ஸின் துபாஷ் பொன்னப்பன் மைசூரோடு சேர்ந்து இவரைக் காட்டிக்கொடுக்கக் கள்ளக் கடிதம் ஜோடித்தான். குட்டு வெளிப்பட்டு 1754இல் பீரங்கி வாயில் வைத்துச் சுடப்பட்டான். அப்படிக் காப்பாற்றப்பட்ட யூசுப்கானையே அதே நவாபும் அதே கம்பெனியும் சேர்ந்து 1764இல் மதுரையில் தூக்கில் போட்டார்கள். உடம்பைத் துண்டாக்கி ஊர் ஊராக அனுப்பினார்கள். தலை திருச்சிக்கு வந்தது என்பார்கள். மதுரை சம்மட்டிபுரத்தில் மிச்ச உடம்புக்கு எழுந்த தர்காவில் எல்லாச் சாதிக்காரரும் வேண்டுதல் வைக்கிறார்கள். மதுரைவீரனைக் கைகால் வாங்கிக் கொன்றுவிட்டுக் கும்பிட்ட அதே ஊர். நா. வானமாமலை பதிப்பித்த கான்சாகிபு சண்டைக் கதைப்பாடலில் அவர் சாமியாகிற வழியைப் பார்க்கலாம். துண்டாக்கப்பட்ட உடம்பைத்தான் சனங்கள் முழுசாக்கிக் கும்பிடுகிறார்கள். அதிகாரம் எங்கே வெட்டியதோ அங்கே வழிபாடு முளைக்கிறது. இதற்குச் சாதி இந்து, இசுலாமியர் என்ற வித்தியாசமில்லை.

யூசுப்கானை முற்றுகையிட்ட படையோடு மதுரைக்குப் போய்க் காயம்பட்டவர்களைப் பார்த்துக்கொண்டவர்களில் ஒருவர் சுவார்ட்ஸ் பாதிரியார். 1762இல் திருச்சிக்கு வந்தவர். பட்டாளத்துக்காரன் கொடுத்த காசில் கோட்டைக்குள் 1766இல் கிறிஸ்து ஆலயம் எழுந்தது. படைவீரர்களின் அநாதைப் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் நடத்தினார். சோறும் காய்கறியும் தின்று சின்ன அறையில் கிடந்தார் என்று அவரைப் போற்றுகிறார்கள், போற்றட்டும். பட்டாளத்தின் கடவுளாகக் கிறித்து வந்து இறங்கிய விதத்தில் எனக்குச் சந்தேகங்கள் உண்டு. ஆனால் திருச்சியில் சிப்பாயின் பிள்ளைக்கு எழுத்து சொல்லிக்கொடுக்க வேண்டும் என்று தோன்றிய முதல் ஆட்களில் அவர் ஒருவர். மூன்றாவது மதிலுக்கு உள்ளே இருந்தவர்களுக்கு அது தோன்றவில்லை.

சிப்பாயின் நம்பிக்கையை முதன்முதலில் அரசியலாக வாசித்தவர் சின்ன மருது என்பது என் எண்ணம். 1801 ஜூன் 16ஆம் தேதியிட்ட அவருடைய பிரகடனம் இரண்டு இடத்தில் ஒட்டப்பட்டது: திருச்சிக் கோட்டையில் நவாபின் அரண்மனை வாசல், திருவரங்கம் கோயில் மதில். ஐம்பது வருடத்துக்கு முன்னால் ஒரு போரின் இரண்டு பாசறைகளாக இருந்த அதே இரண்டு இடங்கள். அது பாளையக்காரர்களிடம் மட்டும் பேசவில்லை. கம்பெனியின் சுபேதார், ஹவில்தார், நாயக்கு, சிப்பாய் என்று படிநிலை வரிசையில் கூப்பிட்டுப் பேசியது. வெள்ளைக்காரனிடம் கைநீட்டிச் சோறு வாங்குகிற மானக்கேட்டைச் சொன்னது. செஞ்சோற்றுக்கடனை அறுக்காமல் இவர்களைத் திருப்ப முடியாது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. கடைசியில் சாபம். இந்தத் தாளைக் கிழிக்கிறவன் கங்கைக் கரையில் காராம்பசுவைக் கொன்ற பாவத்தை அடைவான். முகமதியனுக்குப் பன்றியை வைத்து ஒரு சாபம். ஒவ்வொருவனுக்கும் அவனவன் மதத்திலேயே.

மருது சகோதரர்கள் அக்டோபரில் திருப்பத்தூரில் தூக்கிலிடப்பட்டார்கள். கம்பெனிச் சிப்பாய்கள் கம்பெனியிலேயே இருந்தார்கள், சம்பளம் ஒழுங்காக வந்துகொண்டிருந்தது. ஐந்து வருடம் கழித்து, நெற்றிக்குறியை அழி, கடுக்கனைக் கழற்று, தாடியை மழி, தோல் பட்டை வைத்த புதுத் தலைப்பாகையைப் போடு என்றபோது, 1806 ஜூலை 10 அதிகாலையில் வேலூரில் சுட்டார்கள்.

திருவரங்கத்து மதிலில் ஒட்டியிருந்த தாள் கம்பெனி அதிகாரிகளின் கைக்கு வந்து, ஆங்கிலத்தில் பெயர்க்கப்பட்டு, அவர்களுடைய கோப்பில் சேர்ந்தது. அதனால்தான் நாம் இன்றைக்கு அதைப் படிக்கிறோம். மதிலிலிருந்து அதைப் பிரித்தெடுத்து மேலிடத்துக்குக் கொண்டுபோனது பெரும்பாலும் ஒரு சிப்பாயாகத்தான் இருந்திருக்க வேண்டும்.